கடைசிக்கு முந்தின மேடு

பனி என்றால் எனக்குத் தெரிந்தது மார்கழி மாதத்துப் பனிதான். விடியற்காலையில் அருகம்புல் நுனியில் நிற்கும். வெயில் ஏறினால் போன இடம் தெரியாது. அதற்கே எங்கள் வீட்டுப் பெரியவர்கள் தலையில் மப்ளரைச் சுற்றிக்கொண்டு, "இந்த வருஷம் குளிர் ஒரு பிடி அதிகம்" என்று சொல்லி, ஸ்நானத்தை ஒத்திப்போட வழி தேடுவார்கள். ஆள் உயரத்துக்குப் பனி மூடிக் கிடக்கும் மலையை நான் சினிமாவில்தான் பார்த்திருக்கிறேன். அதிலும் கதாநாயகி மெல்லிய புடவையோடு ஆடிக்கொண்டிருந்தபடியால், அங்கே அவ்வளவு குளிர் என்று நம்பத் தோன்றவில்லை.

இப்படிப்பட்ட ஆசாமி, அமெரிக்காவில் பிறந்த ஒரு பனிப்பலகை வீராங்கனையைப் பற்றி எழுதப் புகுந்திருக்கிறேன். காரணம் என் பெண். 2022 பிப்ரவரியில் ஒரு நாள் ராத்திரி, சாப்பாட்டுக்கு அப்புறம், "அப்பா, இங்கே வாங்களேன், ஒரு வேடிக்கை" என்று கூப்பிட்டுச் செல்போனில் ஒரு படத்தைக் காட்டினாள். ஒரு பெண் மலைச்சரிவில் காற்றாய்ப் பறந்து வருகிறாள். பின்னால் யாரையும் காணோம். முடிவுக் கோடு தெரிகிறது. அப்போது ஏதோ செய்கிறாள், விழுகிறாள். என் பெண் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. "இன்னொரு தடவை போடு" என்றேன். அன்றிரவு அதை எத்தனை தடவை பார்த்தேன் என்று எண்ணவில்லை. வீட்டில் விளக்கை அணைக்கச் சொல்லும் வரைக்கும் பார்த்தேன்.

விழுந்தவள் பெயர் லிண்ட்ஸே ஜேக்கபெல்லிஸ். விழுந்த தேதி 2006 பிப்ரவரி 17. இடம், இத்தாலியில் டூரின் நகரத்துக்கு மேற்கே, பிரெஞ்சு எல்லையை ஒட்டிய பார்தோனெக்கியா என்ற மலை ஊர். அப்போது அவளுக்கு வயது 20.

என்ன நடந்தது என்று சொல்வதற்கு முன், இந்தப் பந்தயம் எப்படிப்பட்டது என்று சொல்லிவிட வேண்டும். இரண்டு காலையும் ஒரே பலகையில் பூட்டிக்கொண்டு, பக்கவாட்டில் நின்றபடி, மலையிலிருந்து சறுக்கி இறங்குவது. கையில் கம்பு கிடையாது. திரும்புவதும் நிற்பதும் எல்லாம் பலகையின் இரண்டு ஓரத்தில்தான்: முன்விரல் பக்கம் ஓர் ஓரம், குதிகால் பக்கம் ஓர் ஓரம். உடம்பை எந்தப் பக்கம் சாய்க்கிறோமோ அந்த ஓரம் பனியைக் கடித்துக்கொண்டு திரும்பும். வழியில் மேடு, பள்ளம், வளைவு எல்லாம் வேண்டுமென்றே கட்டிவைத்திருப்பார்கள். பல பேர் ஒரே சமயத்தில் கிளம்பி, முழங்கையால் இடிக்காத குறையாக ஓடி வரவேண்டும். முதலில் வந்தவர் ஜெயித்தவர். அழகுக்கு மார்க்குக் கிடையாது. நடுவர்கள் உட்கார்ந்து 'ஆஹா' என்று தலையாட்டுவது கிடையாது. இந்தக் கடைசி விஷயத்தை வாசகர்கள் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஒலிம்பிக்கில் இந்தப் பந்தயம் நடந்ததே அந்த வருஷம்தான் முதல் தடவை. இறுதிப் போட்டியில் நாலு பெண்கள். கானடாக்காரி மேயெல் ரிக்கர் வழியிலேயே விழுந்து ஆஸ்பத்திரிக்குப் போகும்படி ஆயிற்று. இன்னொரு கானடாக்காரி தொமினிக் மால்தே ஓரத்து வலையில் போய் மோதினாள். மோதியும் எழுந்து வந்தாள். ஸ்விட்ஸர்லாந்தின் தான்யா ஃப்ரீடன் தள்ளாடாமல் வந்துகொண்டிருந்தாள். ஆனால் சுமார் 3 விநாடி பின்னால். இந்தப் பந்தயத்தில் 3 விநாடி என்பது ஒரு யுகம். அதாவது, முன்னால் போகிறவள் கண்ணை மூடிக்கொண்டு வந்தாலும் தங்கம் அவளுக்குத்தான்.

கடைசிக்கு முந்தின மேட்டில் லிண்ட்ஸே காற்றில் எழும்பினாள். எழும்பினவள், முழங்காலை மடக்கி, பலகையை முதுகுப் பக்கமாகத் தூக்கி, முன்கையால் அதன் குதிகால் ஓரத்தை ஒரு பிடி பிடித்தாள். பனிப்பலகைக்காரர்களிடையே அது பழைய, பிரசித்தமான ஓர் அபிநயம். பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. வில்லை வளைத்தது மாதிரி இருக்கிறது. ஆனால் கையை விட்டுக் கீழே இறங்குவதற்குள் பலகை சமனாக வந்து சேரவில்லை. குதிகால் ஓரம் முதலில் பனியைத் தொட்டுக் கடித்தது. அவ்வளவுதான், பெண் உருண்டாள். எழுந்து பலகையைத் திருப்பிச் சரிசெய்வதற்குள் ஃப்ரீடன் பக்கத்தில் போய்விட்டாள். லிண்ட்ஸேக்கு வெள்ளி.

முதலில் கேட்டபோது, சமநிலைக்காகப் பிடித்தேன் என்றாள். யாரும் நம்பவில்லை. அப்புறம் உண்மையைச் சொன்னாள்: சந்தோஷமாக இருந்தது, அந்தச் சந்தோஷத்தைக் கூட்டத்தோடு பங்கு போட்டுக்கொள்ள நினைத்தேன் என்று. உலகம் முழுவதும் இதற்குக் கைகொட்டிச் சிரித்தது. முயலும் ஆமையும் ஓடின கதையைச் சின்ன வயசில் கேட்டவர்கள் எல்லாரும், 'பார்த்தாயா?' என்றார்கள். கர்வபங்கம் என்றால் நம் ஜனங்களுக்கு மட்டுமில்லை, எல்லா தேசத்து ஜனங்களுக்குமே ஒரு ருசி உண்டு போலிருக்கிறது.

எனக்கென்னவோ அதைக் கர்வம் என்று சொல்ல வாய் வரவில்லை. இந்த விளையாட்டின் பிறப்பைத் தெரிந்துகொண்ட பிறகு இன்னும் வரவில்லை.

1965-ஆம் வருஷம் கிறிஸ்துமஸ் தினத்தன்று, அமெரிக்காவின் மிச்சிகன் மாகாணத்தில் மஸ்கீகன் என்ற ஊரில், ஷெர்மன் பாப்பன் என்ற மனிதர் வீட்டில் பெண் குழந்தைகள் பொழுது போகாமல் படுத்திக்கொண்டிருந்தன. மனைவி பிள்ளைத்தாச்சி. மனிதர் வெளியே போய், இரண்டு பனிச்சறுக்குக் கட்டைகளைச் சேர்த்துப் பிணைத்து ஒரே பலகையாக்கி, "இதில் ஏறி நின்று சறுக்குங்கள்" என்று குழந்தைகளிடம் கொடுத்தார். அலைச் சறுக்குக்கும் பனிக்கும் உள்ள இங்கிலீஷ் வார்த்தைகளை ஒட்டவைத்து அதற்கு 'ஸ்னர்ஃபர்' என்று பெயர் வைத்தவர் அவர் மனைவி. பொம்மைக் கடைகளில் அது லட்சக்கணக்கில் விற்றது. அந்தப் பொம்மையோடு விளையாடி வளர்ந்த ஜேக் பர்ட்டன் கார்பென்டர் என்ற பையன், 1977-இல் வெர்மான்ட் மாகாணத்துக்குப் போய் உட்கார்ந்து, அதைச் செம்மைப்படுத்தி, காலைப் பூட்டுகிற பலகையாகச் செய்து விற்க ஆரம்பித்தார். கௌரவமான சறுக்கு மலைகளில் இவர்களை உள்ளேயே விடவில்லை. 'தெருப் பொறுக்கிகள் வருகிறார்கள்' என்கிற தோரணைதான். வெர்மான்ட்டில் ஸ்ட்ராட்டன் மலைக்காரர்கள் 1983-இல் கதவைத் திறந்துவிட்டார்கள். முதலில் திறந்துவிட்டவர்களில் அவர்களும் சேர்த்தி. அதே ஸ்ட்ராட்டன் மலையடிவாரத்தில் உள்ள பள்ளிக்கூடத்தில்தான், கனெக்டிகட்டில் 1985-இல் பிறந்த நம் லிண்ட்ஸே பிற்பாடு படித்தாள். தகப்பனார் குழந்தைகளைச் சமாதானப்படுத்தச் செய்த பொம்மை, ஒரு தலைமுறைக்குள் பாடத்திட்டத்தில் ஏறிவிட்டது. பாப்பனும் பர்ட்டனும் 2019-இல், ஒரே வருஷத்தில், சில மாத இடைவெளியில் காலமானார்கள்.

1998-இல் ஜப்பானில் நாகானோ ஒலிம்பிக்கில் இந்த விளையாட்டை முதன்முதலாகச் சேர்த்துக்கொண்டபோது, அன்றைக்கு இதில் ஈடு இணையில்லாதவன் என்று பெயர் வாங்கியிருந்த நார்வேக்காரன் டெர்யே ஹாகன்சன், போகமாட்டேன் என்று வீட்டிலேயே இருந்துவிட்டான். பழைய பனிச்சறுக்குச் சங்கத்தின் கையில் எங்கள் விளையாட்டை ஒப்படைத்துவிட்டீர்களே என்று கோபம். அதை வெறும் சங்கச் சண்டை என்று நான் நினைக்கவில்லை. விளையாடுகிறவனுக்கும் ஜெயிக்கிறவனுக்கும் உள்ள சண்டை அது. ஹாகன்சன் வீட்டில் இருந்து சண்டையை முடித்துக்கொண்டான். லிண்ட்ஸேக்கு அந்தச் சண்டை காற்றில், ஒரு விநாடியில், அவளுடைய வலது கைக்கும் இடது கைக்கும் நடுவில் நடந்திருக்கிறது.

இவ்வளவு தூரம் நான் இந்தப் பெண்ணுக்காக வக்காலத்து வாங்குவதில் சுயநலம் இருக்கிறது. அதையும் ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

2007-ஆம் வருஷம் ஒரு வாரப்பத்திரிகையில் என் தொடர்கதை ஒன்று வந்துகொண்டிருந்தது. மொத்தம் 22 வாரம். பாட்டு வாத்தியாரின் பெண் ஒருத்தி, குடியிருக்கிற வீட்டை விற்பதா, தகப்பனாரின் கடனோடு அதைக் காப்பாற்றுவதா என்று தவிக்கிற கதை. நானே சொல்லிக்கொள்ளக் கூடாது. ஆனால் அந்தக் கதை நன்றாக ஓடியது. ரெயிலில் முன்பின் தெரியாத மனிதர், "அந்த வீட்டை விற்கச் சொல்லிவிடாதீர்கள், சார்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். அந்த வயசில் இதைவிட என்ன வேண்டும்?

21-ஆவது வாரம் வந்தது. வீட்டை விற்பதா இல்லையா என்று அந்த வாரம் அவள் முடிவு செய்தாக வேண்டும். எழுத உட்கார்ந்தேன். மனசு பொங்கிக்கொண்டிருந்தது. கதையில் மழை வந்தது. கோயில் குளத்தில் மழை விழுகிறது. தாமரை இலையில் விழுகிறது. படித்துறைக் கல்லில் விழுகிறது. ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு சுருதி என்று எழுதிக்கொண்டே போனேன். நாலு பக்கமும் மழைதான். கதாநாயகி ஜன்னலோரத்தில் நின்றபடியே இருந்தாள், வாயைத் திறக்கவில்லை. அச்சில் பார்த்தபோதும் என் முதுகை நானே தட்டிக்கொண்டேன். மறுவாரம், எல்லாவற்றையும் ஒரே அத்தியாயத்தில் அடைத்து, மூச்சு வாங்க ஓடி, வீட்டை விற்று, கடனைத் தீர்த்து, முற்றும் போட்டேன். வாரத்துக்குப் பத்துப் பதினைந்து கடிதம் வந்துகொண்டிருந்த இடத்தில் அந்த வாரம் இரண்டு வந்தன. அதில் ஒன்று சந்தா சம்பந்தமானது. தவறி எனக்கு வந்துவிட்டது.

அதற்கு இரண்டு வருஷம் கழித்து, மாயவரத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தபோது, ரிடையரான பள்ளிக்கூட ஆசிரியை ஒருவர் என்னைத் தம் வீட்டுக்கு அழைத்துப்போனார். தொடர்கதைகளைப் பத்திரிகையிலிருந்து கிழித்துச் சேர்த்துப் பைண்டு செய்து வைக்கிற பழைய தலைமுறை மனுஷி. என் கதையும் இருந்தது. காலிகோ போட்ட முதுகு, மேலே கதையின் பெயரை மையினால் குண்டு குண்டாக எழுதியிருந்தார். எழுதினவனுக்கு இதைவிடப் பெரிய பட்டம் கிடையாது. ஆசையாய்ப் புரட்டினேன். 20-ஆவது அத்தியாயத்துக்குப் பிறகு 22 இருந்தது.

"அம்மா, ஒரு வாரம் விட்டுப்போயிருக்கிறதே?" என்றேன்.

"விட்டுப்போகவில்லை, தம்பி. நான்தான் சேர்க்கவில்லை. அது இல்லாமல் கதை நன்றாகப் போகிறது" என்றார் அந்த அம்மாள், காப்பியை ஆற்றிக்கொண்டே.

என் முகம் போன போக்கைக் கவனித்திருக்க வேண்டும். எழுந்து உள்ளே போய், ஸ்லோகப் புஸ்தகங்களுக்கு அடியிலிருந்து மடித்த காகிதங்களை எடுத்து வந்தார். "இதோ இருக்கிறது. தூரப் போட மனசு வரவில்லை. மழை ரொம்ப நன்றாக இருக்கிறது. எப்போதாவது எடுத்துப் படிப்பேன்" என்றார்.

வீடு திரும்புகிற வழியெல்லாம் முதலில் சொன்னது மட்டுமே காதில் இருந்தது. பின்னால் சொன்னதைக் கேட்டவனாகவே நான் நடந்துகொள்ளவில்லை. அதற்கப்புறம் நான் எழுதிய நாவல்களில் மழை பெய்வதில்லை. பெய்தே தீரவேண்டும் என்றால் இரண்டு வரி. 'கட்டுப்பாடான நடை' என்று விமரிசகர்கள் புகழ்கிறார்கள். அது கட்டுப்பாடு இல்லை, பயம் என்பது எனக்கும் என் மனைவிக்கும் தெரியும்.

ஆகவேதான், விழுந்த அந்தப் பெண் அதற்கப்புறம் என்ன ஆனாள் என்று தேடித் தேடிப் படித்தேன். (இதுவரை 'அவள்' என்று எழுதிவிட்டேன், இருபது வயசுப் பெண்ணாயிற்றே. இனிமேல் 'அவர்' என்று எழுதாமல் கை வரவில்லை.)

அவர் பாட்டுக்கு ஜெயித்துக்கொண்டிருந்தார். அதுதான் வேடிக்கை. இந்தப் பந்தயத்தில் உலக சாம்பியன் பட்டம் தனியாக ஐந்து தடவை: 2005, 2007, 2011, 2015, 2017. அமெரிக்காவில் 'எக்ஸ் கேம்ஸ்' என்று ஒரு பெரிய பந்தயம் நடக்கிறது. அதில் 10 தங்கம். 2012-இல் முழங்கால் நார் கிழிந்து, கத்தி வைத்து, ஒரு பருவம் முழுவதும் வீட்டில் கிடந்து, மறுபடி வந்து ஜெயித்தார். இதெல்லாம் யாருக்கும் கணக்கில்லை. நாலு வருஷத்துக்கு ஒரு தடவை விழித்துக்கொள்கிற ஜனங்கள், நாலு வருஷத்துக்கு ஒரு தடவை அந்தப் பழைய படத்தைப் போட்டுக் காட்டி, 'இப்போது என்ன நினைக்கிறீர்கள்?' என்று மைக்கை நீட்டினார்கள்.

ஒலிம்பிக்கிலோ கிரகம் விடவில்லை. 2010-இல் வான்கூவரில், அரை இறுதியில் ஒரு மேட்டிலிருந்து நிலைதடுமாறி இறங்கி, வழிக்கம்பத்தைத் தாண்டி வெளியே போனார், தகுதி போயிற்று. அன்று தங்கம் வாங்கியவர், டூரினில் விழுந்து ஆஸ்பத்திரிக்குப் போன அதே மேயெல் ரிக்கர். 2014-இல் ஸோச்சியில், அரை இறுதியில் முன்னால் போய்க்கொண்டிருந்தவர் விழுந்தார். 2018-இல் கொரியாவில் இறுதிப் போட்டி வரை வந்தார். இமை கொட்டுகிற நேரத்தில் வெண்கலம் தப்பி நாலாவது இடம்.

இந்த மூன்று தடவையும் அவர் தோற்றதற்கு எந்த அபிநயமும் காரணம் இல்லை. ஒழுங்காகத்தான் வந்தார். ஒழுங்காக வந்து தோற்றார். 'பார்த்தாயா?' என்று சொன்னவர்கள் இதற்கு என்ன சொல்கிறார்கள் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசை. கதையில் வருகிற ஆமை மூன்று தடவை தோற்றதாக யாரும் குழந்தைகளுக்குச் சொல்லிக் கொடுப்பதில்லை.

பிறகு 2022. சீனாவில், பீகிங் ஒலிம்பிக். ஜாங்ஜியாகோ என்ற இடத்து மலைகள். அந்த ஒலிம்பிக்கில் வானத்திலிருந்து விழுந்த பனியை நம்பாமல், இயந்திரங்களை வைத்துத் தண்ணீரைப் பீச்சியடித்துப் பனி செய்து பரப்பியிருந்தார்கள். (மழையை நாலு பக்கம் எழுதின எனக்கே இது கொஞ்சம் அதிகம் என்று பட்டது.) பிப்ரவரி 9. அவருக்கு வயது 36. எதிரே நிற்கிறவர்களில் பலர், அவர் முதல் ஒலிம்பிக்கில் விழுந்தபோது பள்ளிக்கூடத்தில் இருந்தவர்கள். இறுதிப் போட்டியில் தொடக்கத்திலேயே முன்னால் வந்தார், முன்னாலேயே இருந்தார், கோட்டைக் கடந்தார். பிரான்ஸின் க்ளோயே த்ரெஸ்ப்யூக்கு வெள்ளி. அந்த ஒலிம்பிக்கில் அமெரிக்காவுக்கே அதுதான் முதல் தங்கம். குளிர்கால ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கிய அமெரிக்கப் பெண்களில், அதுவரை அவ்வளவு வயதானவர் கிடையாது.

பழைய பாவத்துக்குப் பிராயச்சித்தம் ஆகிவிட்டது என்று எழுதுவதற்குப் பத்திரிகைகள் தயாராக இருந்தன. 2006-ஐப் பற்றி இன்னும் எவ்வளவு வேண்டுமானாலும் பேசிக்கொள்ளட்டும், நான் இன்றைக்கு இப்படி இருப்பதற்கு அதுவும் காரணம் என்ற பொருளில் அவர் பதில் சொன்னார். பாவம் என்று அவர் ஒப்புக்கொள்ளவே இல்லை என்பதுதான் எனக்குப் பிடித்தது.

ஆனால் நான் திரும்பத் திரும்பப் பார்த்தது இந்தத் தங்கத்தை அல்ல. மூன்று நாள் கழித்து நடந்த கலப்புப் பந்தயத்தை. ஓர் ஆணும் ஒரு பெண்ணும் ஜோடி. ஆண் முதலில் இறங்கி வரவேண்டும், அவன் வந்து சேர்ந்த நேரத்தை ஒட்டிப் பெண்ணின் கதவு திறக்கும். லிண்ட்ஸேயின் ஜோடி நிக் பௌம்கார்ட்னர், வயது 40. மிச்சிகனில் சிமெண்டுக் கான்கிரீட் போடுகிற வேலை. கோடையெல்லாம் கலவை கொட்டிச் சம்பாதித்து, குளிர்காலத்தில் பந்தயத்துக்கு வருகிற மனிதர். இது அவருக்கு நாலாவது ஒலிம்பிக்; ஒரு பதக்கமும் கிடையாது. இரண்டு நாள் முன்னால்தான் தனிப் பந்தயத்தில் சீக்கிரமே தோற்று, இனிமேல் தமக்குச் சந்தர்ப்பம் ஏது என்று காமிராவுக்கு முன்னால் கண்ணீர் விட்டிருந்தார். நாற்பது வயசு மனிதன், கட்டிட வேலை செய்கிற கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு நிற்பதை என்னால் சரியாகப் பார்க்க முடியவில்லை; எனக்கும் ஏறக்குறைய அந்த வயசு.

கலப்புப் பந்தயத்தின் இறுதியில் அவர் முதலாவதாக வந்து சேர்ந்தார். லிண்ட்ஸே கிளம்பினார். வழியில் இத்தாலியின் மிகேலா மொயோலி முந்திக்கொண்டார். 2018-இல் தங்கம் வாங்கியவர், லேசுப்பட்டவர் இல்லை. லிண்ட்ஸே பதறவில்லை. ஒட்டிக்கொண்டே வந்து, ஒரு வளைவில் உள்பக்கமாகப் புகுந்து முந்திவிட்டார். கீழே பௌம்கார்ட்னர் நின்று குதித்த குதியைப் பார்க்க வேண்டும். தங்கம் லிண்ட்ஸேக்கு இரண்டாவது; அந்த மனிதருக்கு முதல்.

"இப்போதும் அதே மாதிரி பிடித்தாளா, அப்பா?" என்று கேட்டாள் என் பெண், தூக்கக் கலக்கத்தில்.

"இல்லை."

"பிடித்திருக்கலாம்" என்றாள். போனை என்னிடமே விட்டுவிட்டுப் படுக்கப் போய்விட்டாள்.

மாயவரத்து அம்மாள் இப்போது இல்லை. அந்தக் காகிதங்கள் என்ன ஆயின என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை. பழைய பேப்பர்க்காரனிடம் போயிருக்கும். அல்லது ஸ்லோகப் புஸ்தகங்களோடு எந்தப் பெட்டியிலாவது இருக்கும். நான் இப்போது ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். முடிய இன்னும் ஓர் அத்தியாயம் பாக்கி. நேற்று ராத்திரி, அவசியம் எதுவும் இல்லாமல், அதில் மழை பிடித்துக்கொண்டது. இதுவரை மூன்று பக்கம் ஆகியிருக்கிறது.